அன்றாடத்தைப் படமாக்குதல்: பரிசோதனைக் குறும் ஆவணப்படம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பயிலரங்குகளிலும், திரையிடல் முடிந்து வாசலில் நின்று பேசும்போதும் திரும்பத் திரும்ப வருகிற கேள்விகள் இவை. பதில்களில் என் சாய்வு தெரியும். பிடிக்காததைப் பிடிக்காது என்றே சொல்லியிருக்கிறேன்.

டிவியில் வரும் ஆவணப்படத்துக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

டிவி ஆவணப்படம் பெரும்பாலும் ஒரு விஷயத்தைச் சொல்லிப் புரியவைக்கும். ஒரு குரல் பேசிக்கொண்டே இருக்கும், ஒரு நிபுணர் நாற்காலியில் உட்கார்ந்து விளக்குவார், பேச்சுக்குத் தோதான காட்சிகள் நடுநடுவே வந்துபோகும். அடுக்களையில் வேலை பார்த்தபடி காதால் மட்டும் கேட்டாலும் முக்கால்வாசி புரிந்துவிடும். பரிசோதனைக் குறும் ஆவணப்படத்தில் அது நடக்காது. எதைப் பார்க்கிறோம் என்பதைவிட எப்படிப் பார்க்கிறோம் என்பதுதான் அங்கே படம்.

லாட்வியாவின் ஹெர்ஸ் ஃப்ராங்க் 1978-இல் எடுத்த 'டென் மினிட்ஸ் ஓல்டர்' இதற்கு நல்ல உதாரணம். ரீகா நகரில் குழந்தைகள் பொம்மலாட்டம் பார்க்கிறார்கள். கேமரா மேடையைக் காட்டவே இல்லை. ஒரு சின்னப் பையனின் முகத்தையே, நடுவில் ஒரு கட் கூட இல்லாமல், பத்து நிமிடம் பார்த்துக்கொண்டிருக்கிறது. அவன் மிரள்கிறான், உதட்டைப் பிதுக்குகிறான், அழப் போகிறான், சட்டென்று சிரிக்கிறான். மேடையில் என்ன கதை என்று நமக்குத் தெரியாது. ஆனால் நல்லவன் மாட்டிக்கொண்டானா தப்பித்தானா என்பது அந்த முகத்திலேயே ஓடுகிறது. பொம்மலாட்டத்தைப் பற்றியோ குழந்தை உளவியலைப் பற்றியோ ஒரு வார்த்தை இல்லை. கூத்து பார்க்கும் ஒரு குழந்தை, அவ்வளவுதான்.

பரிசோதனை என்றால் கேமராவை ஆட்டுவது, தலைகீழாக எடுப்பது, கலரை மாற்றுவது இதெல்லாமா?

அதையும் செய்யலாம், யாரும் தடுக்கப் போவதில்லை. ஆனால் என்னைப் பொறுத்தவரை பரிசோதனை என்பது எடுக்கப் போவதற்கு முன்பே நமக்கு நாமே ஒரு விதி போட்டுக்கொள்வது. அந்த விதியை மீறாமல் எடுத்தால் என்ன கிடைக்கிறது என்று பார்ப்பது. ஹெர்ஸ் ஃப்ராங்க்கின் விதி: ஒரே ஷாட், மேடை பக்கம் திரும்பக் கூடாது. பத்து நிமிடம் என்ற அந்த நீளமும் சும்மா வந்ததல்ல. 300 மீட்டர் கொண்ட ஒரு 35 எம்எம் சுருள் ஏறக்குறைய பதினொரு நிமிடம்தான் ஓடும்.

விதி சில சமயம் வாழ்க்கையிலிருந்தே வரும். பிரெஞ்சு இயக்குநர் ஆக்னஸ் வர்தாவுக்குக் கைக்குழந்தை இருந்த நேரம். வெளியூர் போய்ப் படம் எடுக்க முடியாது. அதனால் வீட்டிலிருந்தே மின்சார கேபிளை இழுத்தார். அது எட்டும் தூரம் வரைதான் படப்பிடிப்பு என்று முடிவு செய்துகொண்டார். அவர் வசித்த பாரிஸின் தாகேர் தெருவில் அந்தத் தூரத்துக்குள் இருந்த பேக்கரி, இறைச்சிக் கடை, தையல்காரர், பழைய வாசனைத் திரவியக் கடை நடத்திய வயதான தம்பதி, எல்லாரும் 1975-இல் 'தாகேரியோடைப்' படத்துக்குள் வந்துவிட்டார்கள். அது குறும்படம் அல்ல, ஒன்றேகால் மணி நேரத்துக்கு மேல் ஓடும். ஆனால் விதி என்றால் என்ன என்று கேட்பவர்களுக்கு இதைவிடத் தெளிவான ஒன்றை என்னால் காட்ட முடியாது.

போலந்து இயக்குநர் கீஷ்லோவ்ஸ்கி 1980-இல் 'டாக்கிங் ஹெட்ஸ்' படத்தில் செய்தது வேறு மாதிரி. எதிரில் யார் உட்கார்ந்தாலும் அதே மூன்று கேள்விகள்: எந்த வருடம் பிறந்தீர்கள், நீங்கள் யார், உங்களுக்கு என்ன வேண்டும்? பேசத் தெரியாத குழந்தையில் தொடங்கி வயது ஏறிக்கொண்டே போய் நூறு வயதுப் பாட்டியில் முடியும். நடுவயதுக்காரர்கள் சுதந்திரம், நியாயம், ஜனநாயகம் என்றெல்லாம் அடுக்குகிறார்கள். பாட்டிக்கு வேண்டியது இன்னும் கொஞ்ச காலம் உயிரோடு இருப்பது. ஏறக்குறைய கால் மணி நேரம் ஓடும் படம் அது. விதி இல்லாமல் அதே ஆட்களிடம் பேட்டி எடுத்திருந்தால் அது ஒரு கருத்துக்கணிப்பாகத்தான் வந்திருக்கும்.

சரி, எங்கள் தெருவில் ஒன்றுமே நடப்பதில்லையே. எதை எடுப்பது?

இந்தக் கேள்வி வராத பயிலரங்கே கிடையாது. முதலில் எதை எடுக்க வேண்டாம் என்று சொல்லிவிடுகிறேன்: டீ ஆற்றுவதை ஸ்லோ மோஷனில் எடுக்க வேண்டாம். அதை எல்லாரும் எடுத்துவிட்டார்கள். மாலைச் சூரியனுக்கு முன்னால் வலை வீசுகிற மீனவரையும் கொஞ்ச காலம் விட்டுவிடுங்கள்.

உங்கள் தெருமுனையில் இஸ்திரி வண்டி இருக்கிறதா? சில இடங்களில் கேஸ் பெட்டி வந்துவிட்டாலும் கரிப் பெட்டி இன்னும் போய்விடவில்லை. அரை மணி நேரம் பக்கத்தில் நின்று பாருங்கள். பழைய புடவையில் மூட்டையாகக் கட்டி வருகிற துணி அவிழ்கிறது. எண்ணிக்கை சரிபார்க்கப்படுகிறது. மூடியில் ஓட்டை போட்ட பாட்டிலிலிருந்து தண்ணீர் தெளிக்கப்படுகிறது. பெட்டி துணிமேல் பட்டதும் 'உஸ்' என்று ஒரு சத்தம், ஆவி, பிறகு பெட்டியைத் தூக்கித் தாங்கியில் வைக்கும்போது 'ணங்'. நடுவில் மூடியைத் திறந்து சாம்பலை ஊதி, கங்கு கனிந்த பிறகு மறுபடி மூடுவார். காலரில்தான் அதிக நேரம் நிற்பார். முதுகுப் பக்கம் இரண்டே இழுப்பு.

இப்போது விதி போடுவோம். கேமரா மேசை உயரத்திலேயே, ஒரே இடத்தில். ஃப்ரேமில் மேசையும் கைகளும் மட்டும். ஒரு துணிக்கு ஒரு ஷாட். துணி மடித்து முடியும்போதுதான் கட். காலை தொடங்கி மாலை வரை. அவ்வளவுதான். பள்ளிக்கூடச் சீருடை, காக்கிச் சட்டை, ஆஸ்பத்திரி வெள்ளைக் கோட்டு, கல்யாணத்துக்குப் போகும் பட்டு வேட்டி, விலைச் சீட்டு கழற்றாத புதுச் சட்டை, பொத்தான் போன பழைய சட்டை. தெருவில் யார் யார் குடியிருக்கிறார்கள், நாளைக்கு யார் எங்கே போகிறார்கள் என்பதெல்லாம் ஒரு முகத்தைக் கூடக் காட்டாமல் துணியிலேயே வந்துவிடும்.

ஒன்றும் நடக்காத தெரு என்பதெல்லாம் சும்மா. எங்கே நிற்பது என்று இன்னும் முடிவு செய்யவில்லை என்றுதான் அர்த்தம்.

போன் கேமரா போதுமா?

போதும். இரண்டு மூன்று விஷயங்களைக் கவனித்தால் தாராளமாகப் போதும்.

நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். அதனால் பழைய ட்யூப்லைட் நொடிக்கு நூறு தடவை மினுக்கும். கண்ணுக்குத் தெரியாது, கேமராவுக்குத் தெரியும். போன்கள் வழக்கமாக நொடிக்கு 30 ஃப்ரேம் கணக்கில் வருகின்றன. ஷட்டரை, அதாவது ஒவ்வொரு ஃப்ரேமிலும் வெளிச்சம் விழும் நேரத்தை, தானாக விட்டுவிட்டால் கடைக்குள் எடுக்கும் ஷாட்டில் கறுப்புப் பட்டைகள் மேலும் கீழும் ஊர்ந்துகொண்டிருக்கும். நொடிக்கு 25 ஃப்ரேம், ஷட்டர் 1/50 அல்லது 1/100 என்று வைத்தால் பெரும்பாலும் போய்விடும். சில மலிவான எல்இடி விளக்குகள் அதற்கும் மசியாது. அணைத்துவிட்டு ஜன்னல் வெளிச்சத்தில் எடுங்கள், படமும் நன்றாக இருக்கும். போனோடு வரும் கேமராவில் இந்த அமைப்புகள் இல்லையென்றால் பிளாக்மேஜிக் கேமரா போன்ற இலவசச் செயலிகளில் இருக்கின்றன.

ஃபோகஸையும் வெளிச்ச அளவையும் பூட்டிவிடுங்கள். இல்லாவிட்டால் வெள்ளை வேட்டி குறுக்கே போகும்போதெல்லாம் படம் மொத்தமும் இருண்டு வெளுக்கும். ஏரோப்ளேன் மோடில் போடுங்கள்; நல்ல ஷாட்டின் நடுவில்தான் லோன் வேண்டுமா என்று போன் வரும். லென்ஸைத் துடையுங்கள். பலர் புகைமூட்டமான கவித்துவக் காட்சி என்று காட்டியதெல்லாம் வெறும் கைவிரல் எண்ணெய்.

ட்ரைபாட் வாங்கப் பணம் இருந்தால் வாங்குங்கள். ட்ரோன் வேண்டாம். மேலிருந்து பார்த்தால் எல்லாத் தெருவும் ஒரே மாதிரிதான் இருக்கும்.

ஒலிக்கு என்ன செய்வது? பின்னால் மியூசிக் போட்டால் சரியாகிவிடும் அல்லவா?

ஆகாது. அன்றாட வாழ்க்கையைப் படமாக்குகிறவர்கள் பாதி நேரத்தையாவது ஒலிக்குக் கொடுக்க வேண்டும் என்பது என் கட்சி. சோகமான வயலினைப் போட்டதும் பார்க்கிறவர் என்ன நினைக்க வேண்டும் என்று நீங்களே சொல்லிவிட்டீர்கள். அப்புறம் படம் எதற்கு?

ஒவ்வோர் இடத்திலும் கிளம்பும் முன் ஒரு நிமிடம் யாரும் பேசாமல் அந்த இடத்தின் ஒலியை மட்டும் பதிவு செய்யுங்கள். காலியான வகுப்பறையின் ஒலி வேறு, காலியான ரேஷன் கடையின் ஒலி வேறு. எடிட்டிங்கில் இரண்டு ஷாட்டை ஒட்டும்போது அந்த ஒரு நிமிடம்தான் காப்பாற்றும். மைக்கைச் சத்தம் வரும் இடத்துக்குப் பக்கத்தில் வையுங்கள்; கேமரா தள்ளி இருக்கட்டும். ஒலியைத் தனிக் கருவியில் பதிவு செய்தால் ஒவ்வொரு ஷாட் தொடங்கும்போதும் ஒரு கைதட்டல், பிறகு படத்தையும் ஒலியையும் பொருத்த. போனில் எடுத்த படத்தில் ஃப்ரேம் வேகம் கொஞ்சம் ஏறி இறங்கும். நீண்ட ஷாட்டில் உதடும் ஒலியும் விலகிப்போகும். எடிட்டிங்குக்கு முன்பே நிலையான ஃப்ரேம் வேகத்துக்கு மாற்றிக்கொள்ளுங்கள்.

இன்னொரு தலைவலி சினிமாப் பாட்டு. டவுன் பஸ்ஸிலும் சலூனிலும் ராஜா பாட்டு ஓடிக்கொண்டேதான் இருக்கும். பாட்டுக்கு நடுவில் கட் போட்டால் பல்லவி பாதியில் துள்ளி அனுபல்லவிக்குப் போய்விடும், காது உடனே கண்டுபிடிக்கும். உரிமைப் பிரச்சினை தனி. கடைக்காரரிடம் பத்து நிமிடம் ரேடியோவை நிறுத்தச் சொல்லிக் கேட்கலாம். பாட்டு இல்லாமல் அந்த இடமே இல்லை என்றால் ஒரு பாட்டு முழுவதையும் ஒரே ஷாட்டில் எடுத்துவிட்டு, உரிமை யாரிடம் என்று விசாரிக்க வேண்டியதுதான்.

ஒலியால் என்ன செய்ய முடியும் என்று பார்க்க 1934-இல் வந்த 'சாங் ஆஃப் சிலோன்' பாருங்கள். பேஸில் ரைட் எடுத்தது, இலங்கைத் தேயிலைப் பிரசார வாரியத்தின் பணத்தில். அதாவது விளம்பரப் படம். வர்ணனைக் குரல் கொழும்புக் கலைஞர் லயனல் வெண்ட்டுடையது. வாசிக்கப்படுவது ராபர்ட் நாக்ஸ் 1681-இல் வெளியிட்ட நூலின் வரிகள். மூன்றாவது பகுதியில் திரையில் மனிதர்கள் உழைத்துக்கொண்டிருக்கிறார்கள். ஒலியில் சந்தை விலை, வியாபாரக் கடிதம், கப்பல் விவரம் என்று ஆங்கிலக் குரல்கள் ஒன்றன்மேல் ஒன்றாக ஓடுகின்றன. படத்துக்கும் ஒலிக்கும் நடுவிலேயே காலனி ஆட்சி தெரிந்துவிடுகிறது. காசு கொடுத்த வாரியம் இதைக் கேட்டிருக்குமா என்பது சந்தேகம்தான்.

வர்ணனை இல்லாமல் மக்களுக்குப் புரியுமா?

புரியும். நெதர்லாந்தின் பெர்ட் ஹான்ஸ்ட்ரா 1958-இல் எடுத்த 'கிளாஸ்' பதினோரு நிமிடப் படம், வர்ணனை இல்லை, ஆஸ்கரும் வாங்கியது. கண்ணாடி ஊதுகிற தொழிலாளர்களின் உப்பிய கன்னங்களும் கைகளும் ஜாஸ் தாளத்தில் ஓடுகின்றன. பிறகு பாட்டில் செய்யும் இயந்திரம். கழுத்து உடைந்த ஒரு பாட்டிலை இயந்திரக் கையால் பிடிக்க முடியவில்லை. பின்னால் வருகிற பாட்டிலெல்லாம் மோதி நொறுங்குகின்றன, இயந்திரம் தன்பாட்டுக்குக் காற்றைப் பிடித்துக்கொண்டிருக்கிறது. ஒரு மனிதக் கை வந்துதான் சரிசெய்ய வேண்டியிருக்கிறது. இதற்கு யார் விளக்கம் சொல்ல வேண்டும்?

"இன்னொரு தடவை செய்து காட்டுங்கள்" என்று கேட்கலாமா? அது பொய் ஆகிவிடாதா?

சினிமாவின் முதல் ஆவணக் காட்சி என்று எல்லாரும் சொல்கிற லூமியேர் சகோதரர்களின் படம், 1895-இல் லியோனில் தொழிலாளர்கள் தொழிற்சாலையை விட்டு வெளியே வருவது, மொத்தம் மூன்று வடிவங்களில் இருக்கிறது. ஒன்றில் ஒரு குதிரை வண்டி, இன்னொன்றில் இரண்டு குதிரை, மற்றொன்றில் குதிரையே இல்லை. அதாவது ரீடேக். ஐம்பது நொடி ஓடும் சுருளுக்குள் கதவு திறந்து ஆட்கள் முழுக்க வெளியேறிக் கதவு மூடவும் வேண்டும் என்றால் சொல்லித்தான் செய்ய வேண்டியிருந்திருக்கும்.

யோரிஸ் இவென்ஸும் மன்னுஸ் ஃப்ராங்கனும் 1929-இல் ஆம்ஸ்டர்டாமை வைத்து எடுத்த 'ரெயின்' படத்தில் மேகம் கூடுகிறது, முதல் துளி கால்வாயில் விழுகிறது, குடைகள் விரிகின்றன, டிராம் ஜன்னலில் நீர் வழிகிறது, மழை விடுகிறது. ஒரே மழை போல இருக்கும் அந்தப் பன்னிரண்டு நிமிடம் பல மாதங்கள் பெய்த பல மழைகளிலிருந்து எடுத்தது. அது பொய்யா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. படத்தில் வருபவர் அன்றாடம் செய்வதை மறுபடி செய்யச் சொல்லலாம். செய்யாததைச் செய்யச் சொல்லக் கூடாது. இஸ்திரிக்காரரிடம் "கொஞ்சம் களைப்பாக நெற்றியைத் துடையுங்கள்" என்று சொன்னால், அங்கேயே கேமராவை மூடிவிட்டு வீட்டுக்குப் போய்விடலாம்.

தெருவில் எடுக்க யாரிடம் அனுமதி வாங்க வேண்டும்?

ரயில் நிலையம், மெட்ரோ, தொல்லியல் துறையின் கட்டுப்பாட்டில் உள்ள கோயில்கள், நினைவுச் சின்னங்கள் போன்ற இடங்களில் முறையான முன் அனுமதி வேண்டும். பொதுத் தெருவில் கையில் போனோடு நின்றால் யாரும் கேட்பதில்லை. ட்ரைபாட் விரித்ததும் யாராவது வருவார்கள். அடையாள அட்டை, என்ன எடுக்கிறீர்கள் என்று தமிழில் எழுதிய ஒரு தாள், இரண்டும் இருந்தால் பாதிப் பேச்சு குறையும்.

இதெல்லாம் காகித அனுமதி. ஆட்களின் சம்மதம் வேறு. "அண்ணே, உங்க வேலையைப் படம் எடுக்கலாமா? இதை வெளியில போட்டுக் காட்டுவோம், பரவாயில்லையா?" என்று நேராகக் கேளுங்கள். அந்தப் பதிலையும் பதிவு செய்துகொள்ளுங்கள். முதல் நாள் கேமரா இல்லாமல் போவது நல்லது. முடித்த படத்தை முதலில் அவருக்குப் போட்டுக் காட்டுங்கள். அவர் நீக்கச் சொல்லும் ஷாட்டை நீக்கிவிடுங்கள், எவ்வளவு அழகாக இருந்தாலும் சரி.

மேலே நான் சொன்ன இஸ்திரி விதியிலேயே ஒரு சிக்கல் இருக்கிறது. சலவை, முடிவெட்டு, துப்புரவு, செருப்புத் தையல் இந்த வேலைகளுக்கெல்லாம் பின்னால் சாதி இருக்கிறது. கையை மட்டும் காட்டுகிற படம் அந்தக் கைக்கு இந்த வேலை எப்படி வந்தது என்பதை அழகாக மறைத்துவிடவும் கூடும். அவர் பேச விரும்பினால் விதியை உடைத்து முகத்தையும் குரலையும் கொண்டுவருவதுதான் நல்ல படம். பேச விரும்பாவிட்டால் நீங்களாக ஒரு சோகத்தை ஏற்றாதீர்கள்.

எடுத்த காட்சி யார் கைக்குப் போகும் என்பதும் கேள்விதான். கீஷ்லோவ்ஸ்கி வார்சா ரயில் நிலையத்தில் ஒரு படம் எடுத்துக்கொண்டிருந்தபோது போலீஸ் வந்து சுருள்களை எடுத்துப் போனது. தாயைக் கொன்று உடலைப் பெட்டியில் அடைத்து நிலையத்தின் லாக்கரில் வைத்த ஒரு பெண் அதில் பதிவாகியிருக்கலாம் என்று தேடினார்கள். இல்லை. ஆனால் தற்செயலாக இருந்திருந்தால் தான் போலீஸுக்கு ஆள்காட்டியாகியிருப்போமே என்ற எண்ணம் அவரை விடவில்லை. ஆவணப்படத்தை விட்டுக் கதைப்படத்துக்குப் போனதற்கு அதையும் ஒரு காரணமாகச் சொன்னார்.

இந்தியாவில் இப்படி யாராவது எடுத்திருக்கிறார்களா?

எடுத்திருக்கிறார்கள், அதுவும் அரசாங்கக் காசில். 1948-இல் தொடங்கிய ஃபிலிம்ஸ் டிவிஷன் என்றதும் பெரியவர்களுக்கு நினைவு வருவது தியேட்டரில் மெயின் படத்துக்கு முன்னால் கட்டாயமாக ஓடிய நியூஸ் ரீல். அது முடிகிற நேரம் பார்த்து உள்ளே போனவர்கள்தான் அதிகம். ஆனால் 1960-களின் நடுவில் யுனெஸ்கோவிலிருந்து வந்த ஜான் பவ்நகரி ஆலோசகராக இருந்த காலத்தில் அங்கே காற்று மாறியது. சுக்தேவ் வர்ணனையே இல்லாமல் 'இந்தியா 67' எடுத்தார். எஸ்.என்.எஸ். சாஸ்திரி, நாடு விடுதலை பெற்ற 1947-இல் பிறந்து அப்போது இருபது வயதாகியிருந்த இளைஞர்களைத் தேடிப் பிடித்துப் பேச வைத்து 'ஐ ஆம் 20' செய்தார். பிரமோத் பதியின் 'எக்ஸ்ப்ளோரர்' 1968-இல் வந்தது. சில நிமிடங்களே ஓடும். படபடவென்று வெட்டிய அந்தப் படம் இன்றைக்குப் பார்த்தாலும் அரசுப் படமா என்று ஆச்சரியமாக இருக்கும். 1980-இல் மணி கௌல் 'அரைவல்' படத்தில் பம்பாய்க்கு வந்திறங்கும் காய்கறி, ஆடு, கூலித் தொழிலாளி எல்லாவற்றையும் ஒரே கண்ணால் பார்த்தார்.

ஃபிலிம்ஸ் டிவிஷன் 2022-இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு (என்எஃப்டிசி) இணைக்கப்பட்டுவிட்டது. பழைய படங்கள் பல யூடியூபில் இலவசமாகக் கிடைக்கின்றன. ஒரு ஞாயிற்றுக்கிழமையை ஒதுக்குங்கள்.

எடிட்டிங்கை எங்கே தொடங்குவது?

எடுத்ததையெல்லாம் முதலில் ஒரு தடவை முழுக்கப் பாருங்கள், கை வைக்காமல். நோட்டில் ஒவ்வொரு ஷாட்டுக்கும் ஒரு வரி. "நல்ல ஷாட்" என்று எழுதாதீர்கள். என்ன தெரிகிறது, என்ன கேட்கிறது என்று எழுதுங்கள். மென்பொருளுக்கு டாவின்சி ரிசால்வின் இலவசப் பதிப்பு தாராளம்.

சோவியத் இயக்குநர் வெர்டோவின் 1929-ஆம் ஆண்டுப் படமான 'மேன் வித் எ மூவி கேமரா'வைப் பற்றிப் பேசும்போது எல்லாரும் கேமராவோடு திரியும் அவர் தம்பி மிகைல் காஃப்மனைச் சொல்வார்கள். எனக்குப் பிடித்த ஆள் எடிட்டர் எலிசவேட்டா ஸ்விலோவா. ஓடுகிற குதிரை சட்டென்று உறைந்து நிற்கிறது, அடுத்து அதே போன்ற ஃப்ரேம்கள் படச்சுருளாக அவர் மேசையில். சுருளில் அசையாமல் இருக்கும் குழந்தை முகங்கள் அவர் ஒட்டியதும் உயிர் பெற்றுச் சிரிக்கின்றன. இதைப் பார்த்த பிறகு, எடிட்டிங் என்றால் தேவையில்லாததை வெட்டுவது என்று சொல்ல மனம் வராது.

விதிப்படி எடுத்திருந்தால் வரிசையும் பாதி தானாக அமையும். அமையாத மீதிக்கு ஒரு பழக்கம் சொல்கிறேன்: ஒரு தடவை ஒலியில்லாமல் பாருங்கள், ஒரு தடவை கண்ணை மூடிக் கேளுங்கள். எங்கே சலிக்கிறதோ அங்கே ஷாட்டைக் குறைக்காமல் கூட்டிப் பாருங்கள். பல சமயம் சலிப்பு தாண்டிய பிறகுதான் அந்த ஷாட்டில் ஏதாவது தெரியத் தொடங்கும். தெரியவில்லையா, தூக்கிப் போட்டுவிடுங்கள்.

எத்தனை நிமிடம் இருக்க வேண்டும்?

ஆஸ்கர் கணக்கில் நாற்பது நிமிடம் வரை குறும் ஆவணப்படம். முதல் படத்துக்கு ஆறு நிமிடமே அதிகம்.

இதில் காசு வருமா?

வராது. கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டே இதைச் செய்யலாம். அதில் கற்கிற பொறுமை இதற்கும் உதவும்.

எங்கே அனுப்புவது? சென்சார் வேண்டுமா?

இந்தியாவில் குறும் ஆவணப்படத்துக்குப் பெரிய விழாக்கள் இரண்டு: 1990-இலிருந்து மும்பையில் நடக்கும் மும்பை சர்வதேசத் திரைப்பட விழா (மிஃப்), 2008-இலிருந்து திருவனந்தபுரத்தில் நடக்கும் கேரள சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழா. தென் மாவட்டங்களில் இருப்பவர்களுக்குத் திருவனந்தபுரம் ரயிலில் ஒரு ராத்திரிகூட ஆகாது. படம் தேர்வாகாவிட்டாலும் போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள். வெளிநாட்டில் ஜெர்மனியின் ஓபர்ஹவுசன் 1954-இலிருந்து குறும்படத்துக்கென்றே நடக்கிறது, பரிசோதனை முயற்சிகளுக்குப் பெயர் போன இடம். ஜப்பானின் யமகட்டா ஆவணப்பட விழா 1989-இலிருந்து.

தியேட்டரில் பொதுத் திரையிடல் என்றால் 1952-ஆம் ஆண்டு ஒளிப்பதிவுச் சட்டப்படி தணிக்கைச் சான்றிதழ் தேவை. விழாக்கள் தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்திடம் விலக்குப் பெற்று நடத்துகின்றன. யூடியூபில் போட தணிக்கைக் குழுவிடம் போக வேண்டியதில்லை. ஆனால் ஒன்று: நிறைய விழாக்கள் ஏற்கெனவே இணையத்தில் வந்த படத்தை எடுத்துக்கொள்வதில்லை. அதனால் முதலில் விழா, பிறகு இணையம். விண்ணப்பத்தில் ஆங்கிலத் துணைத்தலைப்பு கேட்பார்கள். பேச்சே இல்லாத படமாக இருந்தாலும் கடைப் பலகை, சுவரொட்டி, பஸ்ஸின் ஊர்ப்பெயர் இவற்றுக்குத் துணைத்தலைப்பு போடுங்கள். ஓபர்ஹவுசனில் உட்கார்ந்திருப்பவருக்கு அந்த பஸ் உசிலம்பட்டி போகிறது என்று தெரியாது.